தாலி கட்டும் ஷாட் இல்லாத கல்யாணம்

இந்த எடிட்டிங் அறைக்குப் புதிதாக வந்திருக்கும் உங்களுக்காக எழுதுகிறேன். வந்த அன்றைக்கே உங்களில் ஒருத்தி கேட்டாள்: "அக்கா, நல்ல எடிட்டர் ஆவணும்னா மொதல்ல எந்த சாஃப்ட்வேர் கத்துக்கணும்?" செய்தி நேரம் நெருங்கிக்கொண்டிருந்ததால் சிரித்துவிட்டுப் போய்விட்டேன். சாஃப்ட்வேரை நீங்களே கற்றுக்கொள்வீர்கள், என்னைவிட வேகமாக. அடுத்த மாதம் நான் இந்தக் கடலூர் நாற்காலியை விட்டுச் சென்னைக்குப் போகிறேன். இங்கே சாஃப்ட்வேர் மாறும், நாற்காலி மாறும், மாறாத ஒன்றைப் பற்றி உங்களிடம் சொல்லிவிட்டுப் போக வேண்டும். அதை நான் கற்றது தொலைக்காட்சியிலும் இல்லை, சினிமாவிலும் இல்லை, ஒரு கல்யாண வீடியோவில்.

அதற்கு முன் என்னைப் பற்றிக் கொஞ்சம். பெருமையாகத்தான் சொல்லப்போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். எங்கள் வீட்டில் முதலில் பள்ளிக்கூடம் போனவள் நான். சேத்தியாத்தோப்புப் பக்கம் நடவுக்கும் களையெடுப்புக்கும் போகும் குடும்பம். நான் இங்கே வேலைக்குச் சேர்ந்ததும் அம்மா வயலில் எல்லாரிடமும் சொல்லிவிட்டாள். ஊரே டிவியில் என் முகத்தைத் தேடியது.

"என்னாடி, ஒம் பொண்ணு டிவில வேலன்னு சொன்ன, மூஞ்சியே காணோமே?"

"அவ மூஞ்சி காட்ட மாட்டா. வெட்டுற வேல."

"யார வெட்டுறா?"

"தேவையில்லாம பேசுறவங்களயெல்லாம்."

என் தொழிலுக்கு இதைவிடச் சரியான விளக்கத்தை நான் இன்னும் எந்தப் புத்தகத்திலும் படிக்கவில்லை.

போன வருடம் நான் தொகுத்த முதல் முழுநீளப் படம் திட்டக்குடியில் ஓடியபோது அப்பாவைக் கூட்டிப்போனேன். அப்பாவுக்கு எழுத்து தெரியாது. "என் பேரு வர்றப்ப கையத் தொடுறேன்பா" என்று சொல்லி வைத்திருந்தேன். அவருக்குப் பொறுமை இல்லை. ஒலிப்பதிவாளர் பெயர் வந்தபோதே எழுந்து நின்று கைதட்டிவிட்டார். "அப்பா, அது நான் இல்ல" என்றேன். "பரவால்ல, அவனுக்கும் யாரு தட்டுவா" என்றார். என் பெயருக்கு இன்னும் பலமாகத் தட்டினார்.

எங்கள் வீட்டில் எழுத்து படிக்கிறவர்கள் இல்லாததால் படத்தைப் படிப்பார்கள். ஒரு கல்யாண போட்டோவைக் கையில் கொடுத்தால் அம்மா சுலபத்தில் திருப்பித் தர மாட்டாள். யார் யாருக்குப் பின்னால் நிற்கிறார்கள், யார் கழுத்தில் யாருடைய செயின், யார் சிரிக்கவில்லை, எல்லாம் பார்ப்பாள். இந்த வேலையில் நான் பயப்படுவது அப்படிப் பார்க்கிற கண்களுக்குத்தான். இது பின்னால் தேவைப்படும், நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

கல்லூரி முடித்ததும் சிதம்பரத்தில் ஒரு கல்யாண ஸ்டுடியோவில் சேர்ந்தேன். முதலாளியை நாங்கள் அண்ணன் என்றுதான் கூப்பிடுவோம். நல்ல மனிதர். பதற்றம் வந்தால் மட்டும் மேசையில் இருக்கும் எதையாவது எடுத்துத் துடைத்துக்கொண்டே இருப்பார்.

பிச்சாவரம் பக்கத்து ஊர்ப் பெண்ணுக்கு ஞாயிற்றுக்கிழமை சிதம்பரத்தில் கல்யாணம் நடந்தது. திங்கட்கிழமை காலையில் காட்சிகள் என் மேசைக்கு வந்தன. எங்கள் வழக்கப்படி மண்டபத்துக்குள் இரண்டு கேமரா; பறக்கும் ட்ரோன் வெளியே ஊர்வலத்துக்கு மட்டும். ஒன்று மேடைக்கு நேர் எதிரே. இன்னொன்று மேடையின் ஓரத்தில் ஏறி நின்று, தாலி கட்டும்போது கூட்டம் அட்சதை போடுவதை எடுக்கும்.

நேர் எதிரே இருந்த கேமராவில் மாப்பிள்ளை தாலியைக் கையில் வாங்குகிறார். ஐயர் கையைத் தூக்குகிறார். கெட்டிமேளம். அந்த நொடியில் ஒரு முதுகு வந்து திரை முழுவதையும் மூடிக்கொண்டது. சந்தன நிறப் பட்டுச் சட்டை, காலருக்குக் கீழே கடைக்காரர்கள் ஒட்டிய அளவு ஸ்டிக்கர்கூடக் கிழிக்கப்படவில்லை. அந்த முதுகு விலகும்போது மணப்பெண் கழுத்தில் தாலி இருந்தது. எல்லாரும் சிரித்துக்கொண்டிருந்தார்கள்.

கேமரா பிடித்தவரைக் கேட்டேன். "கத்துனேன்க்கா. கெட்டிமேளத்துல எஞ்சத்தம் எனக்கே கேக்கல" என்றார். ஓரத்துக் கேமரா, தன் வேலையை ஒழுங்காகச் செய்துகொண்டு, கூட்டத்தைப் பார்த்துத் திரும்பியிருந்தது. ஆக, அந்தக் கல்யாணத்தில் தாலி கட்டும் காட்சி எங்களிடம் இல்லை. அண்ணன் கண்ணாடியைக் கழற்றித் துடைக்க ஆரம்பித்தார்.

பெண்ணின் தாய்மாமன்தான் கல்யாணத்தை முன்னின்று நடத்தியவர். அவருக்கு போன் செய்து, உறவுக்காரர்கள் போனில் எடுத்த வீடியோ ஏதாவது கிடைக்குமா என்று கேட்டோம். அவர் நேரிலேயே வந்துவிட்டார்.

"என்னா ஸ்டுடியோ நடத்துறீங்க? ரெண்டு கேமரா, மேல பறக்குறது ஒண்ணு, எல்லாம் வச்சிகிட்டு தாலி கட்டுறத எடுக்கலன்றீங்க? வேற என்னாத்துக்குய்யா ஒங்களக் கூப்ட்டோம்?"

நான் காட்சியை ஓடவிட்டேன். முதுகு வந்து மறைத்தது.

"யாரு இந்தாளு? அறிவு வேணாம்? இவ்ளோ பெரிய ஒடம்ப வச்சிகிட்டு நடுவுல வந்து நிக்கிறான் பாரு. மாப்ள வூட்டு ஆளாத்தான் இருக்கும். அவுங்களுக்குத்தான் இந்த அவசரம்."

அண்ணன் இருமினார். நான் ஓடவிட்டேன். முதுகு மெல்லத் திரும்பியது. போனை உயர்த்திப் பிடித்தபடி, மலர்ந்த முகத்தோடு, மாமா எங்களைப் பார்த்தார்.

மாமா திரையை நோக்கிக் குனிந்தார்.

"நானா?" என்றார்.

"அந்த ஸ்டிக்கர் இன்னும் இருக்கா மாமா?" என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது. ஆனால் அவரே சிரித்துவிட்டார். சிரித்துக்கொண்டே போனை எடுத்து நீட்டினார். "நான் எடுத்திருக்கேன், கவலப்படாதீங்க."

அவர் போனில் முகூர்த்தத்துக்கு முன் காத்திருந்த நேரம் முழுவதும் பதிவாகியிருந்தது. கெட்டிமேளம் கேட்டதும் பட்டனை அமுக்கியிருக்கிறார், அதோடு பதிவு நின்றுவிட்டது. மற்ற உறவுக்காரர்களுடைய வீடியோக்களும் வரத் தொடங்கின. ஒவ்வொன்றிலும் முன்னால் நின்றவருடைய கையும் போனும் தெரிந்தன. அந்தப் போனில் அதற்கு முன்னால் நின்றவருடைய போன் தெரிந்தது. கடைசியில் எல்லாருக்கும் முன்னால் அந்தச் சந்தன நிறச் சட்டை.

மாமாவின் முகம் அதற்குப் பிறகுதான் மாறியது. நாற்காலியில் உட்கார்ந்தார்.

"பொண்ணோட அப்பா குவைத்ல இருக்காரும்மா. மச்சானுக்கு லீவு குடுத்து, கடைசி நேரத்துல இல்லைன்னுட்டாங்க. சின்னவ போன்ல வீடியோ கால் போட்டுப் பிடிச்சிருந்தா. மண்டபத்துல அத்தன பேரும் போன்ல இருந்தோம், நெட்டு எங்கிருந்து கெடைக்கும்? சரியா கெட்டிமேளத்தப்ப அவருக்குப் படம் அப்புடியே நின்னுபோச்சாம். சத்தம் மட்டும் கேட்டுச்சாம். 'ஸ்டுடியோக்காரங்க எடுத்திருப்பாங்கல்ல, அதுல பாத்துக்குறேன்'னாரு. வெள்ளிக்கிழம அவருக்கு லீவு. அன்னிக்குப் பாக்கணும்னு உக்காந்திருக்காரு."

பெண்ணைப் பெற்றவர் தன் மகள் கழுத்தில் தாலி ஏறியதைப் பார்க்கவில்லை. எங்கள் வீடியோவை நம்பிக் காத்திருக்கிறார். வெள்ளிக்கிழமைக்குள் நான் அவருக்கு என்ன காட்டப்போகிறேன் என்பது மட்டும்தான் இப்போது என் முன்னால் இருந்தது.

மாமாவுக்கு ஒரு யோசனை வந்தது. பெண்ணையும் மாப்பிள்ளையையும் அதே உடையில் வரவழைத்து இன்னொரு முறை கட்டச் சொல்லி எடுத்துவிட்டால் என்ன? உடனே தன் அக்காவுக்கு, அதாவது பெண்ணின் அம்மாவுக்கு, போன் போட்டார். ஸ்பீக்கர் போடாமலே அந்தம்மாவின் குரல் எங்களுக்குக் கேட்டது.

"கேமராவுக்குக் கட்டுறதுக்குப் பேரு தாலியாடா? ஒருக்கா கட்டியாச்சி. இதுக்கு மேல அவ கழுத்துல யாராச்சும் கைய வச்சீங்க, பாத்துக்க."

அந்த வழி அடைபட்டது. அண்ணன் துடைப்பதை நிறுத்திவிட்டு என் பக்கம் நாற்காலியை இழுத்துப் போட்டார்.

"தங்கச்சி, நம்மகிட்ட தாலி கட்டுற குளோசப் எத்தினி கெடக்கு? வேற கல்யாணத்துலேருந்து ஒண்ணு எடுத்து வையி. வெறும் கையும் கழுத்துந்தான். சேப்புப் பட்டு, மஞ்சக் கயிறு. யாருக்குத் தெரியப்போவுது?"

இதைத் தப்பு என்று நான் உடனே சொல்லவில்லை. பூ, விளக்கு, நாதஸ்வரம், இதையெல்லாம் ஒரு கல்யாணத்திலிருந்து இன்னொன்றுக்குக் கடன் வாங்காத ஸ்டுடியோ எது? தேடி, ஏறக்குறைய அதே நிறப் புடவையில் ஒன்றை எடுத்து வைத்துப் பார்த்தேன். அழகாகப் பொருந்தியது. அதைப் பார்த்து எனக்குப் பயமாக இருந்தது.

"சூப்பரு!" என்றார் மாமா. "எனக்கே தெரியல. நம்ம பொண்ணு கழுத்துதான்னு நெனச்சிட்டேன்."

மாமாவுக்குத் தெரியவில்லை, அதனால் பெண்ணின் அப்பாவுக்கும் தெரியாதா? என் அம்மா போட்டோவைப் பார்க்கும் விதம் எனக்கு நினைவு வந்தது. குவைத்தில் ஒரு மனிதர் வெள்ளிக்கிழமை இதைப் பார்க்கப்போகிறார். ஒருமுறை பார்த்துவிட்டு மூடிவைக்க மாட்டார். நிறுத்தி நிறுத்திப் பார்ப்பார். தோளில் தூக்கிச் சுமந்த மகளுடைய கழுத்து அவருக்குத் தெரியாமல் போகுமா? தெரியாமலே போனாலும், யாரோ ஒருத்தியின் கழுத்தைப் பார்த்து அவரை அழவைப்பதா?

"இது வேணாம்ணா" என்றேன்.

"அப்ப வெறும் முதுக அனுப்புவியா?"

"வியாழக்கிழம வரைக்கும் குடுங்க. பாக்குறேன்."

தைரியமாகச் சொல்லிவிட்டேனே தவிர, கையில் ஒன்றும் இல்லை. நேர் கேமராவை மறுபடி மறுபடி ஓட்டினேன். முதுகு முதுகாகத்தான் இருந்தது. புதன்கிழமை மதியம்தான் ஒரு விஷயம் உறைத்தது. நான் அவ்வளவு நேரமும் இல்லாத தாலியையே தேடிக்கொண்டிருந்தேன். இந்த வீடியோ யாருக்காக என்று கேட்டுக்கொள்ளவே இல்லை. கேட்டதும், உபயோகமில்லை என்று ஒதுக்கி வைத்திருந்த ஓரத்துக் கேமராவின் காட்சியைத் திறந்தேன்.

கூட்டம் எழுந்து நிற்கிறது. அட்சதை பறக்கிறது. முன்வரிசையில் பெண்ணின் அம்மா இரண்டு கைகளையும் கூப்பி வாயை மூடிக்கொண்டிருக்கிறார். அவர் பக்கத்தில் ஒரு நாற்காலியின் மேல் பெண்ணின் தங்கை ஏறி நின்று ஒரு போனை உயர்த்திப் பிடித்திருக்கிறாள். மற்ற எல்லார் போனும் படம் எடுக்க மேடையைப் பார்த்துக்கொண்டிருக்க, அவள் மட்டும் திரை மேடைப் பக்கம் இருக்கும்படி திருப்பிப் பிடித்திருந்தாள். அக்காவுக்கு அப்பா தெரிய வேண்டுமல்லவா? அதனால் எங்கள் கேமராவுக்கும் தெரிந்தார்.

பெரிதாக்கினேன். படம் சற்று உடைந்தது, ஆனால் புரிந்தது. மண்டபத்திலிருந்து போன படம்தான் நின்றிருக்கிறது, அங்கிருந்து வந்த படம் ஓடிக்கொண்டிருக்கிறது. அந்தச் சின்னத் திரையில் ஓர் அறை. மேலும் கீழுமாக அடுக்கிய இரும்புக் கட்டில்கள், கம்பியில் தொங்கும் துணிகள். அதன் நடுவே பட்டு வேட்டி, வெள்ளைச் சட்டை, நெற்றியில் சந்தனத்தோடு ஒரு மனிதர் நேராக நிற்கிறார். பின்னால் அறைத்தோழர்கள், சிலர் வேலைக்குப் போகும் உடுப்பில். கெட்டிமேளம் கேட்டதும் அவர் கையைத் தூக்கி அரிசியைப் போடுகிறார். எல்லாரும் போடுகிறார்கள். நின்றுபோன படத்தின் மேல், சத்தத்தை மட்டும் நம்பி.

நான் நாற்காலியைப் பின்னால் தள்ளிவிட்டு எழுந்து போய்த் தண்ணீர் குடித்தேன்.

வியாழக்கிழமை மாமா வந்தார், அவர் அக்காவும் கூட வந்திருந்தார். காட்டினேன். மாமா முதலில் நெகிழ்ந்தார். பிறகு குரலைத் தாழ்த்தினார்.

"நல்லாத்தாம்மா இருக்கு. ஆனா இத சம்பந்தி வூட்லயும் பாப்பாங்கல்ல. மச்சான் அங்க சூப்பர்வைசர், தனி ரூமுன்னு சொல்லி வச்சிருக்கோம். கட்டிலெல்லாம் தெரியுது பாரு. மூஞ்சிய மட்டும் வெட்டி வச்சிக்கலாம்ல?"

வெட்டலாம். எனக்கு அது ஒரு நிமிட வேலை. கௌரவம் என்பதும் சின்ன விஷயம் இல்லை. எங்கள் வீட்டிலும் வெளியாட்கள் வந்தால் மறைத்து வைக்கும் பொருட்கள் உண்டு. நான் முடிவு செய்யவில்லை. அந்தம்மாவைப் பார்த்தேன். அவர் மாமா பேசியதைக் கேட்டதாகவே தெரியவில்லை. திரைக்கு வெகு அருகில் போய், என் அம்மாவைப் போலவே ஒவ்வொரு மூலையாகப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"இந்த வேட்டி போன தடவ நாந்தான் பொட்டியில வச்சி அனுப்புனேன்" என்றார். "இது எதுக்குடி அங்கன்னு திட்டுனாரு."

பிறகு திரையில் விரல் வைத்தார். "இவுங்கல்லாம் யாரு?"

"கூட வேல செய்றவங்க போலிருக்கும்மா."

"எம் பொண்ண இவுங்க பாத்ததுகூட இல்ல. நம்ம கல்யாணத்துக்கு அரிசி போட்டிருக்காங்க." தம்பியைத் திரும்பிப் பார்த்தார். "இவுங்கள வெட்டணும்றியா நீ? நீ நின்ன பாரு நடுவுல, அத வெட்டச் சொல்லு."

"அது வெட்ட முடியாதுக்கா. அதுதான் முழுசா இருக்கு" என்றார் மாமா. அந்தம்மா சிரித்தார். கண்ணையும் துடைத்துக்கொண்டார். "அப்புடியே இருக்கட்டும்மா. ஒண்ணயும் வெட்டாத."

அப்படியே வைத்தேன். மாப்பிள்ளை தாலியை வாங்குகிறார். மணப்பெண் தலை குனிகிறாள். கெட்டிமேளம். அங்கே முதுகு வருவதற்கு ஒரு கண்ணிமைப்புக்கு முன் வெட்டினேன். அம்மாவின் முகம். தங்கையின் உயர்ந்த கை. போனில் அப்பா, அந்த அறை, அந்த அரிசி. நாதஸ்வரத்தை ஓர் இடத்திலும் அறுக்கவில்லை. மறுபடி மண்டபத்தில் அட்சதை விழுகிறது. கடைசியில் மணப்பெண் நிமிர்கிறாள். கழுத்தில் தாலி. அவள் கண் போன் இருந்த பக்கம் போகிறது. அவ்வளவுதான். கடன் வாங்கிய கை ஒன்றும் இல்லை.

வெள்ளிக்கிழமை மாமா இனிப்புப் பெட்டியோடு ஸ்டுடியோவுக்கு வந்தார். உள்ளே வந்து உட்காரும்போதே அவர் போன் அடித்தது. குவைத். ஸ்பீக்கரில் போட்டு மேசையில் வைத்தார். அண்ணன் இனிப்புப் பெட்டியின் மூடியைத் துடைக்க ஆரம்பித்தார்.

அந்தப் பக்கம் பேச்சும் சிரிப்பும் கேட்டன. பிறகு ஒரு குரல்.

"படம் பண்ண பொண்ணு இருக்கா?"

"இருக்கேங்கய்யா."

"பாத்தோம்மா. ரூம்ல எல்லாரும் பாத்தோம். திருப்பித் திருப்பிப் போட்டுப் பாத்தாச்சி. இவனுங்க அவனுங்க மூஞ்சியையே பாத்துகிட்டிருக்கானுங்க." சிரித்தார். "தாலி கட்டுறத நல்லா எடுத்திருக்கீங்கம்மா."

நான் அண்ணனைப் பார்த்தேன். அண்ணன் துடைப்பதை நிறுத்திவிட்டார்.

"அந்த மூணாவது முடிச்சு நாத்தனாரு போடுறப்ப, எம் பொண்ணு தலைய இப்புடி லேசா சாச்சிக் குடுத்தா பாரு. சின்னப் புள்ளையில அவ அம்மா சடை போடுறப்ப அப்புடித்தான் சாய்ப்பா. அத உடாம புடிச்சிருக்கீங்க. நல்லாருப்ப நீ."

நான் நன்றி என்று மட்டும் சொன்னேன். வேறு எதுவும் சொல்ல எனக்கு உரிமை இருந்ததாக அன்றைக்கும் நினைக்கவில்லை, இன்றைக்கும் நினைக்கவில்லை.

போனை வைத்ததும் மாமாவைக் கேட்டேன். "நீங்கதான் பக்கத்துல இருந்தீங்க மாமா. நெசமாவே தலைய சாச்சாங்களா?"

மாமா கையிலிருந்த போனைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"நான் எங்கம்மா பாத்தேன்?" என்றார். "நாந்தான் போனப் பாத்துகிட்டிருந்தேனே."

இதைத்தான் உங்களிடம் சொல்லிவிட்டுப் போக நினைத்தேன். உங்கள் மேசைக்கு எந்தக் காட்சி வந்தாலும், எது இல்லை என்று தேடுவதற்கு முன், இதைப் பார்க்கப்போகிறவர் யார் என்று கேளுங்கள். மிச்சத்தை அவரே பார்த்துக்கொள்வார். அன்றைக்கு அந்த மண்டபத்தில் அத்தனை பேர் நின்றார்களே, மூன்றாவது முடிச்சைப் பார்த்தவர் குவைத்தில் இருந்தார்.